ஐந்தே படங்களோடு முடிந்த நடிப்பு வாழ்க்கை: ஜோன் கஸாலை மாணவர்களுக்கு எப்படி விளங்கப்படுத்துவது?

கேள்வி: படுவான்கரை ஆசிரியை

அனைவருக்கும் வணக்கம். மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே, படுவான்கரையிலுள்ள ஒரு பாடசாலையில் உயர்தர மாணவர்களுக்கு நாடகமும் அரங்கியலும் என்ற பாடத்தைக் கற்பித்து வருகிறேன். தமிழ்மொழித் தினப் போட்டிக்காக நாங்கள் பழகிவரும் நாடகத்தில், வகுப்பிலேயே நன்றாக நடிக்கக்கூடியவன் என்று நான் நம்பும் மாணவனுக்கு அரசனின் தம்பி வேடத்தைக் கொடுத்தேன். அந்தப் பாத்திரத்துக்கு மொத்தமே பதினொரு வசனங்கள்தான். ஆனால் ஆறு காட்சிகளில் நான்கில் அவன் மேடையில் இருக்க வேண்டும். மறுநாள் அவன் ஒத்திகைக்கு வரவில்லை. சும்மா நிற்கிற வேடத்துக்கு வேறு யாரையாவது போடச் சொல்லுங்கள் என்று கூட்டாளி ஒருவனிடம் சொல்லி அனுப்பியிருந்தான்.

அவனைக் கண்டிக்க எனக்கு மனம் வரவில்லை. அவனையும் மற்றவர்களையும் கூப்பிட்டு இருத்தி, பிரான்சிஸ் ஃபோர்ட் கொப்போலா இயக்கிய ‘த கோட்பாதர்’ படத்தில் தந்தை தெருவோரப் பழக்கடையில் சுடப்படும் காட்சியை மடிக்கணினியில் போட்டுக் காட்டினேன். காவலுக்கு நின்ற இரண்டாவது மகன் பிரேடோ துப்பாக்கியை எடுக்கத் தடுமாறி, அதைக் கைநழுவ விட்டு, விழுந்து கிடக்கும் தந்தைக்குப் பக்கத்தில் வீதியோரத்தில் குந்தியிருந்து அழுகிறான். இந்த இடத்தில் வகுப்பு அமைதியாகிவிட்டது. இவர் யார் என்று அந்த மாணவனே கேட்டான். அமெரிக்க நடிகர் ஜோன் கஸால் என்றேன். அன்று இரவே அவன் தேடிப் பார்த்திருக்கிறான். மறுநாள் வந்து, “ரீச்சர், இவர் ஐந்து படங்களில்தான் நடித்திருக்கிறார், ஒரு விருதும் கிடைக்கவில்லை, நாற்பத்திரண்டு வயதில் இறந்துவிட்டார், இவரையா எங்களுக்கு உதாரணமாகக் காட்டினீர்கள்?” என்று கேட்டான்.

அவன் கேட்டது நியாயமான கேள்வி. நான் ஏதோ சொல்லிச் சமாளித்தேன், ஆனால் அது பதிலாகாது என்பது எனக்கே தெரிந்தது. ஐந்து படங்கள் மட்டும் நடித்த ஒருவரை, அதுவும் எந்தப் படத்திலும் கதாநாயகனாக வராத ஒருவரை, ஏறக்குறைய ஐம்பது ஆண்டுகளாக நடிப்புப் பயில்வோர் திரும்பத் திரும்பப் பார்ப்பது ஏன்? அவர் செய்ததை ஒரு பதினேழு வயதுப் பிள்ளைக்குத் தொட்டுக் காட்ட வேண்டுமென்றால் எந்த இடத்தைக் காட்டலாம்? தமிழிலே அவருக்குப் பக்கத்தில் வைத்துப் பேசக்கூடியவர் யாராவது உண்டா? விடயம் தெரிந்தவர்கள் விரிவாக எழுதினால் மிகவும் நன்றியுடையவளாக இருப்பேன்.

பதில் 1: கல்முனை வாசகர்

ரீச்சர், உங்கள் மாணவன் பார்த்த கணக்கு சரிதான், ஆனால் அது பாதிக் கணக்கு. முதலில் அந்தக் கணக்கையே முழுமையாக அவனுக்குச் சொல்லுங்கள்.

கஸால் நடித்த முழுநீளப் படங்கள் ஐந்து: த கோட்பாதர் (1972), த கொன்வர்சேஷன் (1974), த கோட்பாதர் இரண்டாம் பாகம் (1974), டோக் டே ஆப்டர்நூன் (1975), த டியர் ஹன்டர் (1978). இந்த ஐந்துமே சிறந்த படத்துக்கான ஒஸ்கார் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டன. அவற்றில் மூன்று, அதாவது இரண்டு கோட்பாதர் படங்களும் த டியர் ஹன்டரும், அந்த விருதை வென்றன. தொலைக்காட்சியில் அவர் தோன்றியது 1968இல், நியூயோர்க் பொலிஸாரைப் பற்றிய ஒரு தொடரின் ஒரேயொரு அத்தியாயத்தில்.

ஒஸ்கார் கிடைக்கவில்லை என்பதையும் மறைக்க வேண்டாம். உண்மையில் அதைத்தான் இன்னும் அழுத்திச் சொல்ல வேண்டும். த கோட்பாதரில் ஜேம்ஸ் கான், ரொபேர்ட் டுவால், அல் பசினோ ஆகிய மூவரும், இரண்டாம் பாகத்தில் ரொபேர்ட் டி நீரோ, மைக்கல் கசோ, லீ ஸ்ட்ராஸ்பேர்க் ஆகிய மூவரும், டோக் டே ஆப்டர்நூனில் கிறிஸ் சரண்டனும், த டியர் ஹன்டரில் கிறிஸ்தோபர் வோக்கனும் சிறந்த துணை நடிகருக்கான பரிந்துரையைப் பெற்றார்கள். எட்டுப் பேர்! எட்டுப் பேரும் கஸால் நடித்த படங்களில் நடித்தவர்கள்; அவர்களில் பலர் அவரோடு ஒரே சட்டகத்தில் நின்றவர்கள். டி நீரோவும் வோக்கனும் விருதையே வென்றார்கள். கஸாலின் பெயர் ஒருமுறைகூட அந்தப் பட்டியலில் வரவில்லை. இதைத் தற்செயல் என்று என்னால் ஒதுக்க முடியவில்லை. பக்கத்தில் நிற்பவரின் நடிப்பு எடுபடும்படி செய்கிற ஒருவர் அங்கே இருந்தார் என்பதற்கு இதைவிட நல்ல சான்று எனக்குத் தெரியாது.

அடுத்தது, அவரது நடிப்பு வாழ்க்கை குறுகியது என்ற பேச்சு. 1935இல் பிறந்த அவருக்கு முதற்படம் வெளிவரும்போது முப்பத்தாறு வயது. அதற்கு முன் பொஸ்டனிலும் நியூயோர்க்கிலும் பல ஆண்டுகள் மேடையில் இருந்தவர். வயிற்றுப்பாட்டுக்காக ஓர் எண்ணெய் நிறுவனத்தில் கடிதங்களும் பொதிகளும் கொண்டுபோய்க் கொடுக்கும் வேலை செய்தபோதுதான், அதே வேலையிலிருந்த அல் பசினோவைச் சந்தித்தார். இருவரும் இஸ்ரேல் ஹொரோவிட்ஸ் எழுதிய ஒரு நாடகத்தில் சேர்ந்து நடித்தார்கள். நியூயோர்க்கில் வழிதவறிப்போய், ஆங்கிலம் ஒரு சொல்லும் தெரியாமல், இரண்டு இளைஞர்களின் கையில் அகப்பட்டுக்கொள்ளும் குப்தா என்ற இந்தியனாக அதில் கஸால் நடித்தார். அந்த ஊரில் வேறு எவருக்கும் விளங்காத மொழி பேசும் பாத்திரம் அது. அதற்காக அவருக்கு 1968இல் நியூயோர்க் மேடை நாடகங்களுக்கான ஒபி விருது கிடைத்தது. ஆகவே விருதே இல்லை என்பதும் தவறு. வசனத்தை நம்பாமல் நடிக்கும் வித்தையை அவர் சினிமாவுக்கு வருமுன்பே மேடையில் பழகிவிட்டார் என்றுதான் நான் விளங்கிக்கொள்கிறேன். பிறகு அதே ஆசிரியரின் இன்னொரு நாடகத்தில் அவரைக் கண்ட பிரெட் ரூஸ் என்ற நடிகர் தேர்வாளர், கொப்போலாவுக்கு அவரைப் பரிந்துரைத்தார். பிரேடோ பிறந்தது அப்படித்தான்.

எந்த இடத்தைக் காட்டலாம் என்று கேட்டிருந்தீர்கள். இரண்டாம் பாகத்தில், ஏரிக்கரை வீட்டில் தம்பி மைக்கல் பிரேடோவை விசாரிக்கும் காட்சியைக் காட்டுங்கள். பிரேடோ ஒரு சாய்மனைக் கதிரையில் ஏறக்குறையப் படுத்தவாறு இருக்கிறான், மைக்கல் நிற்கிறான். மூத்தவனான தன்னை ஒதுக்கிவிட்டு இளையவனுக்குப் பொறுப்பைக் கொடுத்தார்களே, தானும் கெட்டிக்காரன்தானே, தன்னையும் மதிக்க வேண்டாமா என்று ஆண்டுக்கணக்காக அடக்கி வைத்திருந்ததெல்லாம் அப்போது வெளிவருகிறது. அந்தக் கதிரையைக் கவனிக்கச் சொல்லுங்கள். கோபம் வரும்போது மனிதன் எழும்ப வேண்டும். அந்தக் கதிரை எழும்ப விடாது. உடம்பு துள்ளுகிறது, கைகள் வீசுகின்றன, முதுகு மறுபடியும் உள்ளே போய் விழுகிறது. பிரேடோவின் முழு வாழ்க்கையும் அந்தத் துள்ளலுக்குள் இருக்கிறது.

அதற்கு நேர் எதிரானது டோக் டே ஆப்டர்நூன். சிட்னி லூமெற் இயக்கிய அந்தப் படத்தில் வங்கிக் கொள்ளையர் இருவரில் ஒருவரான சால் என்ற பாத்திரம் கஸாலுடையது. பாத்திரத்துக்கு மூலமாயிருந்த உண்மையான ஆள் பதினெட்டு வயதுப் பையன்; கஸாலுக்கு முப்பத்தொன்பது. வயது பொருந்தாது என்று தயங்கிய இயக்குநரிடம் அவரை ஒருமுறை வாசிக்க வைத்துப் பாருங்கள் என்று வற்புறுத்தியவர் பசினோ. படம் முழுவதும் பசினோ கத்துகிறார், ஓடுகிறார், வியர்க்கிறார். சால் துப்பாக்கியோடு அசையாமல் நிற்கிறான். உங்கள் மாணவன் சொன்ன “சும்மா நிற்கிற வேடம்” அதுதான். எந்த நாட்டுக்குத் தப்பிப் போக விரும்புகிறாய் என்று கேட்கும்போது, சால் யோசித்துவிட்டு “வயோமிங்” என்கிறான். அது அமெரிக்காவின் ஒரு மாநிலம். வெளிநாடு என்றால் என்னவென்றே தெரியாத ஒருவன் கையில் துப்பாக்கியோடு நிற்கிறான் என்பது அந்த ஒரு சொல்லில் நமக்கு விளங்கிவிடுகிறது. சிரிப்பும் வருகிறது, அவன் மேல் இரக்கமும் வருகிறது, பயமும் வருகிறது. அந்தப் பதில் எழுதப்பட்ட வசனம் அல்ல, படப்பிடிப்பின்போது கஸாலின் வாயிலிருந்து வந்தது என்று லூமெற் பின்னர் சொல்லியிருக்கிறார்.

பதில் 2: அண்ணாவியார் பேரன், காரைதீவு

மேலேயுள்ள பதில் மிகவும் பயனுடையது. நான் சினிமாவைப் பற்றிப் பெரிதாகப் பேச வரவில்லை. அந்த மாணவனின் பக்கத்திலிருந்து சில வார்த்தைகள் சொல்ல வந்தேன்.

கூத்துப் பழக்கும் குடும்பத்தில் பிறந்தவன் என்பதால், வேடம் பங்கிடும் நாளின் மனத்தாங்கல் எனக்கு நன்றாகத் தெரியும். எங்கள் பக்கத்தில் அதைச் சட்டங்கொடுத்தல் என்பார்கள். நல்ல நாள் பார்த்து, ஊர்ப் பெரியவர்கள் முன்னிலையில், குரலையும் உடல்வாகையும் ஆட்டத் திறமையையும் பார்த்து, கூத்தைப் பழக்கும் அண்ணாவியார் ஒவ்வொருவருக்கும் அவரவர் பாட்டை எழுதிக் கொடுப்பார். அன்றைக்கு அருச்சுனன் கிடைக்காமல் சேவகன் கிடைத்தவன் வீட்டுக்குப் போய்ச் சாப்பிடாமல் படுத்த கதைகள் எத்தனையோ. குடும்பத்தின் செல்வாக்குப் பார்த்து வேடம் கொடுத்த காலமும் இருந்தது. அந்த மனவருத்தம் வெறும் அகங்காரம் என்று நான் சொல்ல மாட்டேன். ஆகவே, ரீச்சர், கஸாலைக் காட்டி “சிறிய வேடம் கிடைத்தாலும் திருப்திப்படு” என்ற பாடத்தை அந்தப் பிள்ளைக்குப் புகட்டிவிடாதீர்கள் என்று பணிவாகக் கேட்டுக்கொள்கிறேன். கஸாலே அப்படித் திருப்திப்பட்டுக்கொண்டு இருந்தவர் அல்லர். 1976இல் நியூயோர்க் மத்திய பூங்காவின் திறந்தவெளி அரங்கில் சேக்ஸ்பியரின் நாடகமொன்றில் அஞ்சலோ என்ற முதன்மைப் பாத்திரத்தில் நடித்தார். எதிரே இசபெல்லாவாக நடித்தவர் அப்போது இளம் நடிகையாக இருந்த மெரில் ஸ்ட்ரீப். சேக்ஸ்பியரைத் தமிழுக்குக் கொண்டுவந்து 1926இலேயே மதங்க சூளாமணி என்ற நூலை எழுதிய விபுலானந்த அடிகளின் ஊர்க்காரன் என்பதால் இதைக் குறிப்பிட எனக்கு ஆசை. பெரிய வேடத்தையும் தாங்கக்கூடியவர், சிறிய வேடத்துக்குள் போகும்போது அதே கனத்தோடு போனார் என்று சொல்லுங்கள். அது வேறு பேச்சு.

பாடாத நேரத்தில் என்ன செய்கிறான் என்று பார்த்துத்தான் ஆட்டக்காரனை எடைபோட வேண்டும் என்று என் பாட்டனார் சொல்வார். கூத்து ஆடும் வட்டக்களரியில் நான்கு பக்கமும் சனம் இருக்கும். ஒருவன் பாடி ஆடும்போது மற்றவன் எந்தப் பக்கம் திரும்பி நின்றாலும் யாரோ ஒருவருக்கு அவன் முகம் தெரியும், ஒளிய இடமில்லை. மத்தளக்காரருக்கும் பிற்பாட்டுக்காரருக்கும் பக்கத்தில் நின்றபடி, அரசனின் பாட்டைக் கேட்டுக்கொண்டு காலில் தாளத்தை விடாமல் வைத்திருப்பவனைப் பார்த்தால், சதங்கை அணிந்த நாளிலிருந்து அவன் எவ்வளவு உழைத்திருக்கிறான் என்பது தெரியும். சினிமாவில் முகத்துக்கு மிக அருகே வரும் கமராவும் அதே மாதிரி ஒளிய இடம் கொடுக்காது என்று நினைக்கிறேன். த கொன்வர்சேஷனில் ஒட்டுக்கேட்கும் தொழில் செய்பவராக ஜீன் ஹக்மன் வருவார். அவருக்கு உதவியாளராக வரும் கஸால் எதையாவது கேட்டுக்கொண்டே இருப்பார், அதனால் ஹக்மனுக்கு எரிச்சல் வரும். அந்த எரிச்சல் நமக்கு உண்மையாகப் படுவது கஸால் உண்மையான ஆவலோடு கேட்பதால்தான்.

பதில் 3: அமிர்தகழி வாசகர்

தமிழில் யார் என்று ஆசிரியை கேட்டதற்கு ஒரு பெயரைத் துணிந்து சொல்கிறேன்: சொக்கலிங்க பாகவதர். எங்கள் ஊரில் 1939இல் பிறந்து, புனித மிக்கேல் கல்லூரியில் படித்து, பூனா திரைப்படக் கல்லூரிக்குப் போன பாலு மகேந்திரா, 1988இல் வெளியான ‘வீடு’ படத்தில் அர்ச்சனாவின் தாத்தாவாக நடிக்கத் தேர்ந்தெடுத்தவர் இவர். வாழ்நாளின் பெரும்பகுதியை நாடக மேடையில் கழித்தவர். சினிமா அவரை நினைவில் வைத்திருப்பது பெரும்பாலும் முதுமையில் நடித்த அந்தப் படத்துக்கும், அடுத்த ஆண்டு வந்த ‘சந்தியா ராக’த்துக்கும்தான். ஆனால் சந்தியா ராகத்தில் கதையே அவரைச் சுற்றித்தான் நடக்கிறது. எனவே உங்கள் தேவைக்குப் பொருந்துவது வீடு மட்டுமே.

அதில் கிழவர் தனியாகப் புறப்பட்டுப்போய், கட்டி முடியாத வீட்டைப் பார்க்கும் காட்சியைப் போடுங்கள். வசனம் இல்லை, பின்னால் இளையராஜாவின் இசை மட்டும் போகிறது. பூசாத சுவரை அவர் கையால் தடவுகிறார், ஒவ்வொரு அறையாகப் போகிறார். வீடு கட்டுவதற்காக அர்ச்சனா பட்ட பாடு முழுவதையும் நாம் அந்தக் கையில் உணர்கிறோம். சிறந்த நடிகைக்கான தேசிய விருது அர்ச்சனாவுக்குக் கிடைத்தது, அது தகும். ஆனாலும் அந்தப் படத்தை நினைத்தால் எனக்கு முதலில் வருவது அந்தக் கிழவரின் கைதான்.

ஒரு சொல்லைப் பற்றியும் சொல்ல வேண்டும். தமிழ் சினிமாவில் துணை நடிகர் என்றால் கூட்டத்தில் நிற்பவர் என்ற பொருள்தான் முதலில் வரும். கஸாலையோ பாகவதரையோ போன்றவர்களைக் குணசித்திர நடிகர் என்பார்கள். மாணவனுக்குத் “துணை வேடம்” என்று சொல்லியிருந்தால் அவன் காதில் அது எப்படி விழுந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

குறுகிய நடிப்பு வாழ்க்கை என்று பேசும்போது நம் நாட்டுத் தமிழ்ப் பட நடிகர்களையும் விட்டுவிட முடியாது. 1978இல் ‘வாடைக்காற்று’ உட்படப் பல இலங்கைத் தமிழ்ப் படங்கள் வெளிவந்தன. இனி இங்கேயும் ஒரு சினிமா இருக்கும் என்று நம்பினார்கள். 1983 ஜூலை இனக்கலவரத்துக்குப் பின் அந்தத் தயாரிப்பு ஏறக்குறைய நின்றுபோனது. ஓரிரு படங்களோடு பெயர் முடிந்துபோன குணசித்திர நடிகர்கள் நம்மிடையே இருப்பதற்கு அவர்களின் திறமைக்குறைவு காரணம் அல்ல. அவர்கள் நடித்துக்கொண்டிருந்த சினிமாவே அவர்கள் காலடியிலிருந்து எடுக்கப்பட்டது. கஸாலுக்கு நோய் செய்ததை இவர்களுக்குக் காலம் செய்தது. இதைச் சொல்லும்போது எனக்கு இப்போதும் தொண்டை அடைக்கிறது.

பதில் 4: கல்முனை வாசகர்

அமிர்தகழி ஐயா நோயைக் குறிப்பிட்டதால், முன்பு விட்டுப்போனதை எழுதிவிடுகிறேன். த டியர் ஹன்டர் படப்பிடிப்பு 1977இல் தொடங்கும்போதே கஸாலுக்கு நுரையீரல் புற்றுநோய் முற்றியிருந்தது. இயக்குநர் மைக்கல் சிமினோ அதை அறிந்தே அவரை வைத்துக்கொண்டு, அவருடைய காட்சிகளை முதலில் எடுத்து முடித்தார். அப்போது கஸாலின் துணைவியாக இருந்த மெரில் ஸ்ட்ரீப்பும் அதே படத்தில் நடித்தார். கடைசிவரை பக்கத்திலிருந்து பார்த்துக்கொண்டவரும் அவரே. 1978 மார்ச்சில் கஸால் இறந்தார். படம் அந்த ஆண்டு டிசம்பரில்தான் திரைக்கு வந்தது; அதை அவர் பார்க்கவில்லை. மாணவர்களுக்கு இதைச் சொல்லுங்கள், ஆனால் கடைசியாகச் சொல்லுங்கள். முதலில் சொன்னால் அவர்கள் நடிப்பைப் பார்க்காமல் நோயாளியைத்தான் பார்ப்பார்கள். அவரைப் பற்றி 2009இல் வெளிவந்த, நாற்பது நிமிடமளவான ஆவணப்படம் ஒன்றும் உண்டு. பசினோ, ஸ்ட்ரீப், டி நீரோ, கொப்போலா எல்லோரும் அதில் பேசுகிறார்கள். ஒரு பாடவேளைக்குள் போட்டு முடிக்கலாம்.

பதில் 5: படுவான்கரை ஆசிரியை

எல்லோருக்கும் என் மனமார்ந்த நன்றி. காரைதீவு ஐயா சொன்னது என்னைச் சுட்டது. நான் அந்தப் பாடத்தைத்தான் புகட்டப் பார்த்தேன் என்பதை ஒத்துக்கொள்கிறேன். நேற்று அவனைக் கூப்பிட்டு, உனக்கு ஏன் அரசன் வேடம் தரவில்லை என்பதை முதலில் நேராகச் சொன்னேன்: மற்றவனுக்குக் குரல் பெரிது, உனக்குக் கேட்கத் தெரியும். பிறகு அந்த எட்டுப் பேரின் கணக்கைக் கரும்பலகையில் எழுதிக் காட்டினேன். நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தான். இன்று ஒத்திகைக்கு வந்தான்.

சனிக்கிழமை ஏரிக்கரை வீட்டுக் காட்சியை முதலில் ஒலியில்லாமல் போட்டு, அந்தக் கதிரையைப் பார்க்கச் சொல்லப்போகிறேன்; பிறகு ஒலியோடு; அதன்பின் வீடு. அவன் இன்று என்னிடம் கேட்ட ஒரு கேள்விக்கு எனக்குச் சரியான பதில் தெரியவில்லை, காரைதீவு ஐயாவிடம்தான் கேட்க வேண்டும். மூன்றாம் காட்சியில் அரசன் நீண்ட நேரம் பேசுகிறான். அவ்வளவு நேரமும் தம்பி எங்கே பார்த்துக்கொண்டு நிற்க வேண்டும் என்று கேட்கிறான்.

பதில் 6: அண்ணாவியார் பேரன், காரைதீவு

ரீச்சர், பார்க்கும் இடத்தை நீங்கள் குறித்துக் கொடுக்க வேண்டாம். அரசனின் பேச்சில் தம்பியைச் சுடும் சொல் எது என்று அவனையே கண்டுபிடிக்கச் சொல்லுங்கள். அந்தச் சொல் வரும்வரை அண்ணனின் முகத்தைப் பார்க்கட்டும். வந்த பிறகு பார்க்க முடியாது. பார்வை எங்கே போகிறது என்பதை ஒத்திகையில் நீங்கள் கண்டு எனக்கு எழுதுங்கள்.